படத்தில் இல்லாத கைகள்

போன சனிக்கிழமை மத்தியானம் நம் சங்கத்தில் நீங்கள் மூன்று பேரும் படத்துக்குக் காட்சி சொல்வதைப் பின்வரிசையில் உட்கார்ந்து கேட்டேன். நான் வந்தது உங்களுக்குத் தெரியாது. வந்ததும் கண்ணை மூடிக்கொண்டேன். மூவருக்கும் நல்ல குரல், அதில் பொய்யில்லை. வசனத்தின் மேல் ஏறி மிதிக்காமல், இடம் பார்த்துச் சொல்கிறீர்கள். ஆனால் கடைசியில், அந்த அம்மாவும் மகனும் பஸ் நிலையத்தில் பிரிகிற இடத்தில், உங்களில் ஒருவர் "லேசா மழை தூறுது" என்றீர்கள். எனக்குச் சந்தேகம் வந்து கண்ணைத் திறந்தேன். திரையில் வெயில் பல்லைக் காட்டிக்கொண்டிருந்தது.

மழை நன்றாகத்தான் இருந்தது. முன்வரிசையில் இரண்டு அக்காமார் மூக்கை உறிஞ்சினார்கள். முடிந்ததும் கைதட்டல் வேறு. யார் அந்த மழையைப் பெய்ய வைத்தது என்று நான் சொல்லப் போவதில்லை, அவருக்கே தெரியும். திட்டவும் எனக்கு யோக்கியதை கிடையாது. நான் செய்தது மழையைவிட மோசம். ஒரே ஒருவரைத் தவிர இதுவரை யாரிடமும் சொல்லாமல் வயிற்றுக்குள்ளேயே வைத்திருந்தேன். ஓய்வு பெற்றுவிட்டேன், இனி என்ன மானம், உங்களுக்குச் சொல்கிறேன்.

ஈப்போவில் பார்வை இல்லாதவர்களுக்கான இந்தச் சங்கத்தில் நான் கணக்கெழுதுகிற கிராணி வேலைக்குத்தான் சேர்ந்தேன். சனிக்கிழமைப் படத்துக்குக் காட்சி சொல்லிக்கொண்டிருந்த அக்கா ஒரு வாரம் தொண்டை கட்டிப்போய் வந்து, "நீதான் வாயாடியாச்சே, போய் உக்காரு" என்று மைக்கைக் கையில் திணித்தார். அதற்கப்புறம் இருபத்தாறு வருஷம் அதே நாற்காலி.

முதல் நாளே வாங்கிக் கட்டிக்கொண்டேன். கதாநாயகி சன்னலோரம் நிற்கிறாள். வானொலி நாடகம் மாதிரி குரலை இறக்கி, "அவள் மிகுந்த சோகத்தில் இருக்கிறாள்" என்றேன். முன்வரிசையில் ஓர் ஆள் கேட்டார்.

"அழறாளா, அழலையா?"

"அழல."

"அப்புறம் சோகம்னு ஒனக்கு எப்படித் தெரியும்? அவ என்னா செய்யறா, அத மட்டும் சொல்லு. சோகமா இல்லையான்னு நாங்க பாத்துக்கறோம் லா."

மண்டபமே சிரித்தது. எனக்கு முகத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. சாயங்காலம் அந்த அக்கா எனக்கு இரண்டே விஷயம் சொன்னார். "பாத்தத சொல்லு, ஆசப்பட்டத சொல்லாத. மைக்கு கையில இருக்கறப்ப ஆளுங்க மூஞ்சியப் பாக்காத, பாத்தா கெட்ட." நான் பூம்பூம் மாடு மாதிரி தலையாட்டினேன். முதலாவது உடனே புரிந்துவிட்டது. இரண்டாவது புரிய இருபது வருஷத்துக்கு மேல் ஆனது.

சில வருஷங்களுக்கு முன் நம் சங்கத்து ஆண்டு விழாவுக்கு விசேஷமாக ஒரு படம் போடலாம் என்று பேச்சு வந்தது. ஈப்போவில் பழைய படங்களாகச் சேர்த்து வைத்திருக்கிற ஒருவர் ஒரு டிஸ்க் கொடுத்தார். பேசாத காலத்து அமெரிக்கப் படம். குதிரை, புழுதி, மரவீடுகள், எல்லைப்புறத்தில் ஒரு சின்ன ஊர். ஊரைக் காக்க ஒரே ஒரு அதிகாரி, நெஞ்சில் நட்சத்திர வில்லை. பின்னால் யாரோ பியானோ தட்டுகிற சத்தம் மட்டும் உண்டு. மற்றபடி மூச்சில்லை.

அறிவிப்பைக் கேட்டதும் நம் ஆட்கள் பிடித்துக்கொண்டார்கள். "ஊமைப் படமா? கண்ணும் தெரியல, காதுக்கும் ஒண்ணுமில்ல. அப்ப நாங்க எதுக்கு வாரோம், பிஸ்கட் சாப்பிடவா?"

"தங்கச்சி வாய நம்பித்தான் வாரோம்," என்றார் ஆறுமுகம் அண்ணன்.

அவரை உங்களுக்குத் தெரியும். முன்வரிசை, இடது ஓரம், காதை மைக் பக்கம் சாய்த்து உட்கார்ந்திருப்பாரே, அவர்தான். அப்போதே எழுபது தாண்டியிருந்தது. இனிப்பு நீர் நோய் கண்ணைக் கொண்டுபோய்விட்டது. புந்தோங்கில் ஒரு அறை எடுத்துத் தனியாக இருந்தார். ரப்பர் தோட்டத்தில் ஜாகாவாக, அதாவது காவல்காரராக, வேலை பார்த்தவர் என்பது மட்டும் எனக்குத் தெரியும். அவரைத் தேடி ஒருவர் வந்து நான் பார்த்ததில்லை. தீபாவளிக்கு மறுநாள்கூட அவர் கையில் பலகாரப் பொட்டலம் இருந்ததில்லை.

ஒரு படத்தை மூன்று முறை பார்த்துவிட்டுத்தான் மைக்கைத் தொட வேண்டும் என்று உங்களுக்குச் சொல்லியிருப்பார்கள். நான் அந்தப் படத்தை ஒரே முறை பார்த்தேன். அதிலும் கடைசிப் பத்து நிமிஷம் ஓடும்போது விழாச் சாப்பாட்டுக்காரர் போன் பண்ணிவிட்டார். கோழிக் குழம்பா, மலாய்க்காரர் ரெண்டாங் கறியா என்று பேசிக்கொண்டே ஓரக்கண்ணால் பார்த்து முடித்தேன்.

கதை சின்னதுதான். அந்த அதிகாரிக்கு ஒரு கூட்டாளி, நெருங்கிய சிநேகிதன். இருவரும் ஒரே வண்டியில் அந்த ஊருக்கு வந்தவர்கள். கூட்டாளி பிடில் வாசிப்பான், ஊரே அவன் மேல் உயிர். ஒரு நாள் அவன் வேறொருவனுடைய குதிரையைத் திருடிவிடுகிறான். அதிகாரி தானே தேடிப் போய், கையைக் கட்டி, பெரிய தெரு வழியாக நடத்திக் கூட்டி வருகிறார். கூட்டாளியின் அண்ணன் குதிரைக்கு லாடம் அடிக்கிறவர். அவர் பட்டறை வாசலில் நின்று பார்த்துவிட்டு முதுகைத் திருப்பிக்கொள்கிறார். கூட்டாளி ஜெயிலுக்குப் போகிறான். அதற்கப்புறம் ஊரில் யாரும் அதிகாரியோடு பேசுவதில்லை. கடைக்குப் போனால் விலகுகிறார்கள். அவர் உட்கார்ந்த பெஞ்சில் யாரும் உட்காருவதில்லை. கடைசியில் ஒரு காலையில் வில்லையைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டுக் குதிரை ஏறுகிறார்.

பேசாத படத்துக்குச் சொல்வது சாமானியமில்லை. வசனம் வந்தால் நாம் வாயை மூடி மூச்சு விடலாம், இதில் அதுவும் இல்லை. ஒரு மணி நேரம் தாண்டியும் மண்டபத்தில் இருமல்கூட இல்லாததால் எனக்குள் ஒரு திமிர் ஏறிவிட்டது. நம் வாயால்தான் நாற்பது பேர் பார்க்கிறார்கள் என்ற திமிர்.

"தெரு நடுவுல குதிரை நடக்குது," என்றேன். "ரெண்டு பக்கமும் கதவு மூடியிருக்கு. அவரு இந்தப் பக்கம் பாக்கறாரு, அந்தப் பக்கம் பாக்கறாரு."

அப்போது ஒரு குரல் வந்தது. "யாராச்சும் வந்தாங்களா?"

காட்சி நடக்கும்போது நம் ஆட்கள் குறுக்கே பேசவே மாட்டார்கள். நான் திரும்பிப் பார்த்தேன். ஆறுமுகம் அண்ணன். கைத்தடியை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்து, நாற்காலி நுனிக்கு வந்திருந்தார். முகத்தை மைக் பக்கமே ஏந்தியிருந்தார். அதைப் பார்த்த மனுஷி யாராக இருந்தாலும் நெஞ்சு கரைந்திருக்கும். நான் திரையை விட்டுவிட்டேன். அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னேன்.

"வந்தாங்க அண்ணே. கதவெல்லாம் தெறக்குது. ஒவ்வொருத்தரா வெளிய வாராங்க. கை ஆட்டறாங்க."

"எல்லாருமா?"

"எல்லாரும்தான்."

மண்டபம் கைதட்டியது. நான் திரும்பித் திரையைப் பார்த்தபோது முடிவு எழுத்து வந்துவிட்டிருந்தது. வாசலில் ஒவ்வொருவராக என் கையைப் பிடித்து, "இந்த மாதிரி படம் பாத்ததே இல்ல" என்றார்கள். கவனித்தீர்களா, இவர்கள் யாரும் படம் கேட்டேன் என்று சொல்வதில்லை. பார்த்தேன் என்றுதான் சொல்வார்கள். அன்றைக்கு அது எனக்கு உறைக்கவில்லை. தலைகால் புரியாமல் வீட்டுக்குப் போனேன்.

அடுத்த சனிக்கிழமை ஆறுமுகம் அண்ணன் ஒரு மணி நேரம் முன்னதாகவே வந்து என் மேசைக்கு எதிரே உட்கார்ந்தார். சட்டையில் இஸ்திரி மடிப்பு.

"தங்கச்சி, எனக்கு ஒரு கூட்டாளி இருந்தான். மாணிக்கம்னு பேரு," என்று ஆரம்பித்தார். "சிலிம் ரிவர் பக்கம், ஒரே தோட்டம். லயத்துல பக்கத்துப் பக்கத்து வீடு. அவன் கித்தா மரம் சீவுவான், நான் ஜாகா. ஒரு நாளு அவன் கட்டிப்பால் மூட்டைய வேலிக்கு அந்தாண்ட தள்ளுறப்ப நான்தான் புடிச்சேன். பொஞ்சாதிக்கு ஆஸ்பத்திரிச் செலவுன்னு கையப் புடிச்சிக் கெஞ்சினான். கண்டுக்காம விட்ருக்கலாம். விடல. ஆபீஸ்ல போய்ச் சொல்லிட்டேன்."

உங்களுக்குத் தோட்ட வழக்கம் தெரியாது. கட்டிப்பால் என்றால் உறைந்துபோன ரப்பர் பால், வெளியே விற்றால் காசு. அங்கே வேலை போனால் வீடும் போகும். ஒரே வாரத்தில் மாணிக்கத்தின் குடும்பம் சட்டி பானையோடு லாரியில் ஏறியது. லயத்து ஜனமெல்லாம் வாசலில் நின்று அழுதது. அதற்கப்புறம் ஆறுமுகம் அண்ணனோடு ஒருவர் முகம் கொடுத்துப் பேசவில்லை.

"எம் பொஞ்சாதி செத்தப்ப பாடை தூக்க நாலு பேரு வரல, தங்கச்சி. தெலுக் இந்தான்லேர்ந்து ஆள் கூட்டிட்டு வந்தேன். நான் என்னா, எனக்குக் குடுத்த வேலையத்தான செஞ்சேன்?"

தோட்டம் விற்றுப்போய், கித்தா மரங்களை வெட்டி, இப்போது அங்கே வரிசை வீடுகள். மாரியம்மன் கோயில் மட்டும் அப்படியே இருக்கிறது. வருஷா வருஷம் திருவிழாவுக்கு எங்கெங்கோ சிதறிப்போன பழைய ஜனமெல்லாம் வந்து சேருமாம். மாணிக்கமும் வருவாராம். ஆறுமுகம் அண்ணன் அங்கே போய் முப்பத்தைந்து வருஷம்.

"நாளைக்கு ஞாயித்துக்கிழம, திருவிழா. போலாம்னு இருக்கேன். நீ சொன்ன படத்துலேர்ந்து மனசு கேக்க மாட்டேங்குது. அந்த ஆளுக்கே எல்லாரும் வந்தாங்களே. நானும் ஒரு தடவ போய் நின்னு பாக்கறேன்."

அண்ணே, அது நான் விட்ட கதை, யாரும் வரவில்லை என்று ஒரு வரி சொல்ல வேண்டியதுதான். சொல்லியிருந்தால் இஸ்திரிச் சட்டையோடு எழுந்து போயிருப்பார், என்னைக் காறித் துப்பியிருப்பார், அதோடு போயிருக்கும். நான் எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். பொய்யில் ஆரம்பித்தாலும் நல்லதாக முடியலாமே, முப்பத்தைந்து வருஷக் கோபம் ஆறியிருக்குமே என்று.

"நீயும் வாரியா?" என்று கேட்டார். "யாரு யாரு வந்தாங்க, மூஞ்சி எப்படி இருக்குன்னு பக்கத்துல நின்னு சொல்லேன்."

"ஞாயித்துக்கிழம எனக்கு சர்ச்சு இருக்கே அண்ணே. பாட்டுக் குழு வேற," என்றேன். பாட்டுக் குழுவில் என் குரல் இல்லாவிட்டால் ஒன்றும் குடிமுழுகிப் போகாது. என் பொய் அங்கே என்ன ஆகும் என்பதைக் கண்ணால் பார்க்க எனக்குப் பயம். "போய்ட்டு வாங்க அண்ணே," என்று அனுப்பி வைத்தேன்.

அதற்கப்புறம் வந்த மூன்று சனிக்கிழமையும் இடது ஓரத்து நாற்காலி காலி. போன் அடித்தால் எடுக்கவில்லை. நாலாவது வாரம், ஒரு செவ்வாய்க்கிழமை காலை, மடிக்கணினியைப் பையில் போட்டுக்கொண்டு புந்தோங்குக்குப் போனேன். வெறும் வாயால் ஒப்புக்கொள்ளத் தைரியமில்லை, படத்தைப் போட்டுக் காட்டிச் சொல்லிவிடலாம் என்று எண்ணம்.

கதவு திறந்துதான் இருந்தது. கட்டிலில் உட்கார்ந்திருந்தார். நாலு நாள் தாடி. அறையில் ஒரே ஒரு நாற்காலி, அதன் மேல் அந்த இஸ்திரிச் சட்டை.

"வந்துட்டியா," என்றார். நான் வாயைத் திறக்கும் முன்பே எப்படி அடையாளம் கண்டுகொண்டாரோ.

"போனேன் தங்கச்சி. டாக்சிக்காரன் கோயில் வாசல்ல எறக்கி விட்டான். 'ஜாகா வந்துருக்கான்'னு எவனோ சொன்னான். அவ்வளவுதான், பேச்செல்லாம் அடங்கிப் போச்சு. நான் நிக்கறேன், நிக்கறேன், ஒருத்தரும் வரல. அப்புறம் ஒரு ஆளு வந்து ரெண்டு முழம் தள்ளி நின்னான். இருமினான். அந்த இருமல மறப்பேனா? மாணிக்கம். ஒரு வார்த்த பேசல. திட்டவும் இல்ல. சும்மா நின்னான். நான் நகந்தா அவனும் நகந்தான். ரொம்ப நேரம்."

"நீங்க பேசினீங்களா அண்ணே?"

"இல்ல. நான் அவனக் காவல் காத்தேன், இப்ப அவன் என்னக் காவல் காக்கறான், எப்படா போவான்னு நிக்கறான்னு நெனச்சேன். அந்தப் படத்துல எல்லாரும் வந்து கை ஆட்டினாங்க, எனக்கு ஒரு வார்த்தகூட இல்லையேன்னு வயிறு எரிஞ்சிச்சு. டாக்சிக்காரனக் கூப்ட்டேன், ஏறிட்டேன். போன வாரம் பக்கத்து வீட்டுப் பொண்ணு பேப்பர்ல மரண அறிவிப்பு படிச்சிச்சு. மாணிக்கம் போய்ட்டான்."

சட்டையைத் தள்ளிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தேன். எப்படிச் சொன்னேன் என்று இப்போது நினைவில்லை, உளறியிருப்பேன். கதவு எதுவும் திறக்கவில்லை, யாரும் வரவில்லை, கை எல்லாம் நான் ஆட்டியது என்று சொன்னேன். அழுதேன். அவர் அழவில்லை.

"யாரும் வரலயா?"

"வரல அண்ணே."

"ஒருத்தன்கூடவா?"

"ஒருத்தன்கூட இல்ல."

"அத எடுத்து வச்சிருக்கியா? போடு," என்றார். "இந்தத் தடவ பாத்தத மட்டும் சொல்லு."

கட்டிலில் மடிக்கணினியை வைத்துக் கடைசிக் காட்சியைப் போட்டேன். திரையிலிருந்து கண்ணை எடுப்பதில்லை என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

"தெரு. வெயிலு. குதிரை நடக்குது. ரெண்டு பக்கமும் கதவு மூடியிருக்கு. அவரு இந்தப் பக்கம் பாக்கறாரு. அந்தப் பக்கம் பாக்கறாரு. யாரும் இல்ல. குதிரை தாண்டிப் போகுது. தெரு காலியா..."

நிறுத்திவிட்டேன். வலது ஓரத்தில், நிழலுக்குள், என்னமோ இருந்தது. மண்டபத்தில் ஆள் உயரத் திரையில் ஓடியபோது நான் பார்க்காதது. சாப்பாட்டுக்காரரோடு பேசிய அன்றும் பார்க்காதது.

"என்னா?" என்றார்.

"பட்டறை வாசல்ல ஒரு ஆளு நிக்கறாரு அண்ணே."

"யாரு?"

"அந்த லாடம் அடிக்கிறவரு. கூட்டாளியோட அண்ணன்."

"கை ஆட்டறாரா?"

"இல்ல. கையில சுத்தியல் இருக்கு. கீழ தொங்குது."

"மூஞ்சி?"

"நிழலு அண்ணே, தெரியல. குதிரை போற பக்கமே திரும்பியிருக்கு."

"முதுகக் காட்டலயே?"

"இல்ல."

"உள்ள போய்ட்டாரா?"

"போகல. குதிரை சின்னதாயிருச்சு. இப்ப புழுதிதான் தெரியுது. இன்னும் நிக்கறாரு." முடிவு எழுத்து வந்தது. "முடிஞ்சிருச்சு அண்ணே."

"அது வரைக்கும் நின்னாரா?"

"நின்னாரு."

வெளியே யாரோ மோட்டார் சைக்கிளை உதைத்துக் கிளப்பினார்கள். அவர் கையை நீட்டித் தடவி, மடிக்கணினியின் மூடியைத் தானே மெதுவாகச் சாத்தினார்.

"இத அன்னைக்கே சொல்லியிருந்தா, மாணிக்கம் பக்கத்துல இன்னும் கொஞ்ச நேரம் நின்னுருப்பேன், தங்கச்சி."

அவர் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அடுத்த சனிக்கிழமை பஸ் ஏறி வந்து, இடது ஓரத்தில் உட்கார்ந்து, வழக்கம் போலக் காதைச் சாய்த்தார். அதற்கப்புறம் நான் சொன்ன எந்தப் படத்திலும் ஒரு இலைகூட அதுவாக ஆடாமல் ஆடியதில்லை. ஆளில்லாத தெருவென்றால் ஆளில்லாத தெரு, அவ்வளவுதான். ஓரத்தில் யாராவது நிற்கிறார்களா என்று மட்டும் ஒன்றுக்கு நாலு தடவை பார்த்துக்கொள்வேன்.

இப்போது வீட்டில் நான் ஒண்டி. வீட்டுக்காரர் போய் ஒன்பது வருஷம். இருபத்தாறு வருஷப் பழக்கம் வாயை விட்டுப் போகவில்லை. தண்ணீர் கொதிக்கிறது, பூனை மதிலேறுகிறது, தபால்காரர் நிற்காமல் போகிறார் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டிருக்கிறேன். சில நாள் தபால்காரர் நின்றார் என்று சொல்லலாமா என்று வாய் ஊறும். சொல்வதில்லை.

போன சனிக்கிழமை படம் முடிந்து கைதட்டல் ஓய்ந்ததும் நான் பின்வாசல் வழியாக நழுவப் பார்த்தேன். கைத்தடி தட்டுகிற சத்தம் பின்னாலேயே வந்தது. என் செருப்புச் சத்தத்தை அந்த மனுஷர் எப்படித்தான் கண்டுபிடிக்கிறாரோ.

"தங்கச்சி, நீயும் இருந்தியில்ல?" என்றார் ஆறுமுகம் அண்ணன். "அந்த அம்மா மகன விட்டுட்டுப் போறப்ப, நெசமாவே மழையா?"

உங்கள் மூன்று பேரையும் எட்டிப் பார்த்தேன். மைக்கைச் சுற்றி நின்று சந்தோஷமாகச் சிரித்துக்கொண்டிருந்தீர்கள்.

"இல்ல அண்ணே," என்றேன். "நல்ல வெயிலு."